வினைமுற்று

வெள்ளீய மலைக்குக் கீழே, ஓர்வெஷ் நகரில்,
யாரும் வாக்கியத்தைப் பாதியில் விடுவதில்லை.
விட்டால் மிச்சத்தை உலகம் சொல்லிவிடும்.
என்ன சொல்லும் என்று
இதுவரை எவரும் சரியாக ஊகித்ததில்லை.

நாங்கள் அதை எச்சம் என்கிறோம்.
பறவை இடுவதற்கும் அதே பெயர்தான்.
தலையில் விழும்வரை இரண்டும் தெரியாது.

கொட்டாவி வருமுன் சொன்னதை முடி,
பள்ளியில் முதல் பாடம் இது.
திக்குவாய்க்காரர்களுக்குச் சிலேட்டு உண்டு, வரிவிலக்கும் உண்டு.

ரொட்டிக்கடை உஷ்னே, மணமான மறுநாள்,
"உங்களை நான்..." என்று வெட்கப்பட்டு நிறுத்தினாள்.
"எண்ணினேன்" என்று எடுத்துக்கொண்டது உலகம்.
விடிந்தபோது அடுப்படியில் பதினொரு கணவர்கள்.
பதினொருவருக்கும் பசி,
பதினொருவருக்கும் இடது முழங்காலில் அதே தழும்பு.
இப்போதும் எட்டுப் பேர் இருக்கிறார்கள்.
ரொட்டி முன்னைவிட நன்றாக இருக்கிறது.

சுங்கச்சாவடி பாக்ரம் பனிப்புயலைப் பார்த்து
"இந்தக் குளிரை..." என்றான், பல் கிட்டிக்கொண்டது.
அன்றிரவு அதை உடுத்தியவன்தான்,
கழற்ற முடியவில்லை.
கோடையில் மீன்காரிகள்
கூடைகளை அவன் மடியில் வைத்துவிட்டுச் சாப்பிடப் போகிறார்கள்.

ஆகவே நகரசபை எங்களை நியமித்தது.
மாதம் ஒன்பது வெள்ளி, ஒரு சாம்பல்நிறத் தொப்பி.
சந்தையில், வழக்காடும் இடத்தில், சாவுப் படுக்கையில்
தயங்குகிறவர் பக்கத்தில் நிற்பேன்.
அவர் மூச்சு அறையைவிட்டுப் போகுமுன்
ஒரு வினையை வைத்து மூட வேண்டும்.
தீங்கில்லாததாகப் பார்த்து வை என்கிறது விதிப்புத்தகம்:
பார்த்தேன். வந்தாய். இருக்கிறது.
இருபத்தாறு ஆண்டுகள்
இந்த மூன்றைத் தேய்த்தே பிழைத்தேன்.

ஒருமுறை தவறினேன்.

வெள்ளம் வந்த ஆண்டு, படகுத்துறையில்,
கணக்கன் தொர்வேக் கையை நீட்டி
"இந்த ஆற்றை..." என்றான்.
வினை என் நாக்கு நுனியில் இருந்தது.
தும்மல் வந்தது.

காலையில் வண்டிகளோடு ஒருவன் வந்தான்.
ஆற்றை முழம்போட்டு அளந்தான், சுருட்டினான்,
மீன்களைத் தனியே மூட்டை கட்டினான்,
தொர்வேக்கின் கையில் ரசீதும் ஏழு காசும் வைத்துவிட்டுப் போனான்.
"விற்றேன்" என்று முடித்திருந்தது உலகம்.

ஆறுவிற்றவன் என்றே அப்புறம் அவனுக்குப் பெயர்.
படகோட்டிகள் அவன் கதவில் சேறு பூசினார்கள்,
ஊரில் சேறு தீரும்வரை.
நான் தும்மியதை அவன் பார்த்தான்.
யாரிடமும் சொல்லவில்லை.
நானும் சொல்லவில்லை.
தொப்பியை மாட்டிக்கொண்டு வேலைக்குப் போனேன்.

போன வாரம் அவனுக்கு மூச்சு இழுத்தது.
சட்டப்படி என்னைத்தான் அனுப்பினார்கள்.
தலையணைக்கடியில் ஏழு காசும் அப்படியே இருந்தன.
என் பக்கம் தள்ளினான், உதட்டை நனைத்தான்,
"உன் பிழை அன்று" என்றான்.
போய்விட்டான்.

மூச்சு இன்னும் அறையில் இருந்தது.
என் மூன்று வினைகளும் பல்லுக்குப் பின்னால் முட்டிக்கொண்டு நின்றன.

அன்று என்றால் அந்த நாளில்.
அந்த நாளில் உன் பிழை
என்னைத் தின்றது, ஊரைக் காயவைத்தது,
இனி உன்னைத் தேடி வரும்.
எதுவும் வரலாம் அதன் பின்னால்.

அன்று என்றால் அல்ல என்றும்தான்.
அப்படியானால் வாக்கியம் முடிந்துவிட்டது,
அவனே முடித்துவிட்டான்,
அதில் நான் கை வைத்தால் திருட்டு.
முடியாததென்றால், நான் சும்மா இருந்தால்,
நடக்கும்.
(பாருங்கள், இதையும் முடித்துவிட்டேன். பழக்கம்.)

வாயைப் பொத்திக்கொண்டு நின்றேன்.
மூச்சு சன்னல் வழியாகப் போனது.

நான்கு நாளாகிறது.
காய்ந்த பள்ளத்தில் இரவெல்லாம் ஏதோ உருள்கிறது.
ஒரு காதுக்குத் தண்ணீர், மறு காதுக்கு வண்டிச் சக்கரம்.
உஷ்னேயின் எட்டுக் கணவர்களும் கரையில் போய் நிற்கிறார்கள்.
ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை.

மேசைமேல் ஏழு காசையும் அடுக்கி வைத்திருக்கிறேன்.
தொப்பியைக் கழற்றிவிட்டேன்.
தட்டினால் திறப்பேன்.